மூன்றாம் நாள் மீன்

கேள்வி: உயிர்த்தெழுந்த ஞாயிறன்று எங்கள் சபையின் ஓய்வுநாள் பள்ளிப் பிள்ளைகளுக்கு ஈஸ்டரின் பொருள் பற்றிப் பத்து நிமிடம் பேசச் சொல்லியிருக்கிறார்கள். பிள்ளைகளுக்கு ஈஸ்டர் என்றாலே சாக்லேட் முட்டைதான். சிரிக்கவும் வைக்கவேண்டும், யோசிக்கவும் வைக்கவேண்டும். என்ன பேசலாம்? அன்று மதியம் ஜொஹானஸ்பர்க்கிலிருந்து தம்பி குடும்பம், அத்தை வீட்டார் என்று 18 பேர் சாப்பிட வருகிறார்கள். சமையலை அம்மா (வயது 74) பார்த்துக்கொள்வதால் அந்தக் கவலை இல்லை. என்ன, அம்மாவுக்குத்தான் சில வருடங்களாக ஈஸ்டர் ஆராதனைக்கு வர முடிவதில்லை.
– ஒரு வாசகர், சாட்ஸ்வர்த், டர்பன், தென்னாப்பிரிக்கா

பதில்: ‘அந்தக் கவலை இல்லை’ என்று எழுதியிருக்கிறீர்களே தம்பி, யாருக்கு இல்லை? அம்மா வராததற்குக் காரணம் முழங்கால் வலி என்று நீங்கள் எழுதவில்லை. பாதை தூரம் என்றும் எழுதவில்லை. அடுப்புதான் காரணம். அந்த அடுப்பில் வேகப்போகும் கறியைச் சாப்பிடுகிறவர்களில் நீங்களும் ஒருவர். ஆனால் கடிதத்தில் அது ஏதோ மழை பெய்ததைப் போல வந்து போகிறது.

பேச்சுக்கு வருவோம். முட்டையும் உள்ளே காலி, கல்லறையும் காலி என்று ஆரம்பிக்காதீர்கள். பிள்ளைகள் அதைப் போன வருடமே கேட்டிருப்பார்கள். துளிர்விடும் வசந்தம் என்றும் பேசவேண்டாம். அது ஐரோப்பாக்காரர்களின் ஏப்ரல். டர்பனில் அப்போது இலை உதிரும் காலம். முட்டை எப்படி வந்தது என்று சொல்லலாம். பழைய காலத்துச் சபையில் தவக்காலம் முழுக்க முட்டை கூடாது. கோழி அதற்காகச் சும்மா இருக்குமா? நாற்பது நாள் சேர்ந்துபோன முட்டையை ஈஸ்டரன்று சாயம் பூசித் தீர்த்தார்கள். பிள்ளைகள் சிரிப்பார்கள்.

வெள்ளி சாயங்காலம் அடக்கம்பண்ணி ஞாயிறு விடியற்காலையில் எழுந்தால் அது எப்படி மூன்று நாள் ஆகும் என்று ஒரு வாண்டு நிச்சயம் கேட்கும். பதினாறாம் நாள் காரியத்துக்கு எப்படி எண்ணுகிறோம்? இறந்த நாளையும் சேர்த்துத்தானே? யூதர்களும் முதல் நாளைச் சேர்த்தே எண்ணினார்கள். வெள்ளி ஒன்று, சனி இரண்டு, ஞாயிறு மூன்று.

இனி நீங்கள் கேட்ட பொருள். மாற்கு 16-ஐத் திறந்துவைத்துக்கொள்ளுங்கள். மகதலேனா மரியாள், யாக்கோபின் தாயாகிய மரியாள், சலோமே மூவரும் சுகந்தவர்க்கம் வாங்கிக்கொண்டு விடியற்காலையில் போகிறார்கள். எதற்கு? வேலை செய்ய. சடலத்துக்குச் செய்யவேண்டியதைச் செய்ய யாராவது வேண்டுமே என்று போன பெண்கள். வழியில் அவர்களுக்கு இருந்த கவலை, கல்லை யார் புரட்டித் தள்ளுவது என்பதுதான். போனால் கல் புரண்டிருக்கிறது, கொண்டுபோன சாமானுக்கு வேலையே இல்லை. உலகத்திலேயே முதலில் அந்தச் செய்தியைக் கேட்டவர்கள் வேலைக்கென்று போன இந்தப் பெண்கள்தான். ஆண்கள் வீட்டுக்குள்ளே இருந்தார்கள். பெண்கள் வந்து சொன்னதும் அது வீண்பேச்சாகத் தோன்றியது என்று லூக்கா எழுதுகிறார்.

யோவான் 21-இல் இன்னும் நேராக இருக்கிறது. சீஷர்கள் இராமுழுக்க வலை போட்டுக் களைத்துக் கரைக்கு வருகிறார்கள். கரிநெருப்பு எரிகிறது, மேலே மீன், பக்கத்தில் அப்பம். “வாருங்கள், போஜனம்பண்ணுங்கள்.” சாவை ஜெயித்து வந்தவர் தம் கையால் அடுப்பு மூட்டி மற்றவர்களை உட்காரச் சொல்கிறார். இதைப் பிள்ளைகளுக்குச் சொல்லும்போது உங்கள் அம்மா எங்கே இருப்பார்கள்? பாத்திரத்தில் வெங்காயம் வதக்கிக்கொண்டு. அப்படியானால் அந்தப் பேச்சை நீங்கள் பேசக்கூடாது.

டர்பன் பக்கத்து இசிப்பிங்கோ மாரியம்மன் கோயில் திருவிழா ஈஸ்டர் விடுமுறையில் நடப்பது ஏன் என்று யோசித்திருக்கிறீர்களா? 1860-இலிருந்து கப்பலேறி வந்த நம் கூலிச் சனங்களுக்குத் தோட்டத்தில் லீவு கிடைத்த நாட்கள் அவை, அதனால்தான் என்பார்கள். கரும்புத் தோட்டத் துரை கொடுத்த லீவை உங்கள் வீட்டுச் சமையலறை கொடுக்கவில்லை. பெற்ற தாயை அடுப்படியில் விட்டுவிட்டுச் சபையில் முன்வரிசையில் உட்காருவது என் கணக்கில் பக்தி இல்லை.

இந்த வருடம் ஞாயிறு மதியத்துக்குக் கேப் டவுன்காரர்கள் பெரிய வெள்ளிக்குச் செய்யும் ஊறுகாய் மீன் போடுங்கள். பண்டிகையன்று யாரும் அடுப்படியில் நிற்க வேண்டாம் என்பதற்கென்றே அமைந்த பண்டம் அது. வெள்ளி மாலை செய்தால் ஞாயிறு மூன்றாம் நாள். அன்றைக்குத்தான் அதன் ருசியும் கூடும்.

18 பேருக்கு முள் எடுத்த மீன் 3 கிலோ. ஹேக் மலிவு, ஆனால் சதை மென்மை, உடையும்; யெல்லோடெயில் கெட்டி. ஐஸ் மீன் என்றால் முழுதாக இளகவிட்டு ஈரத்தைத் துடைத்து எடுங்கள், இல்லாவிட்டால் எண்ணெய் தெறிக்கும், துண்டும் பிரியும். உப்பு, மஞ்சள் தடவி, ஒரே ஒரு தடவை திருப்பிப்போட்டு, நடுவரை வேகும்படி பொரியுங்கள். வினிகர் வேகவைத்துவிடும் என்று அரைவேக்காட்டில் எடுப்பதுதான் பலர் செய்கிற தப்பு.

வெங்காயம் ஒன்றரைக் கிலோ, வளையமாக. கொஞ்சம் எண்ணெயில் மசாலாத்தூள் 6 மேசைக்கரண்டி, மஞ்சள்தூள் 1 மேசைக்கரண்டி போட்டு முதலில் வாசம் வரப் புரட்டுங்கள். நேரே வினிகரில் கொட்டினால் பச்சை வாடை கடைசிவரை போகாது. பிறகு வினிகர் ஒன்றரை லிட்டர், தண்ணீர் முக்கால் லிட்டர், சர்க்கரை 300 கிராம், உப்பு, மிளகு, பிரிஞ்சி இலை பத்து. கொதித்ததும் வெங்காயத்தைப் போட்டு ஐந்து நிமிடத்தில் இறக்குங்கள். கடித்தால் நறுக்கென்று இருக்கவேண்டும், குழைந்தால் குழம்பாகிவிடும்.

கண்ணாடிப் பாத்திரத்தில் மீன் ஓர் அடுக்கு, வெங்காயம் ஓர் அடுக்காக வைத்து வினிகர்ச் சாற்றைச் சூடாகவே ஊற்றுங்கள். அலுமினியம் வேண்டாம், புளிப்பு அதை அரித்து உலோக ருசி கொடுக்கும். மீன் சாற்றில் முழுகி இருக்கவேண்டும். ஆறியதும், இரண்டு மணி நேரத்துக்குள், ஃபிரிட்ஜில். ஞாயிறுவரை வெளியே எடுக்கவே வேண்டாம், அது குளிர்ச்சியாகச் சாப்பிடுகிற பண்டம். ஆட்டுக்கறி இல்லாமல் அத்தை வீட்டார் முகம் சுளிப்பார்கள் என்றால் கறியைச் சனி இரவே ஆக்கிவையுங்கள். ஞாயிறு ஆராதனை முடிந்து வந்து இரண்டு கிலோ அரிசி வடிப்பது மட்டும்தான் மிச்சம். அதையும் நீங்கள் வடியுங்கள். பாத்திரம் கழுவ ஜொஹானஸ்பர்க் தம்பி இருக்கிறார். மிஞ்சினால் திங்கட்கிழமை இருக்கிறது. இந்த நாட்டில் அந்த விடுமுறைக்குக் குடும்ப தினம் என்றே பெயர்.

வெள்ளி மாலை நீங்கள் வெங்காயம் நறுக்குகிற அழகைப் பார்த்து அம்மா ‘தள்ளுப்பா’ என்று எழுந்து வருவார்கள். நாற்காலி போட்டுப் பக்கத்தில் உட்காரவையுங்கள், எத்தனை குறை வேண்டுமானாலும் சொல்லட்டும். கத்தியை மட்டும் கொடுத்துவிடாதீர்கள்.