எஸ். என். லட்சுமியின் பாட்டிகள்

வணக்கம். போன வாரம் டிவியில் ‘சர்வர் சுந்தரம்’ பார்த்தோம். நாகேஷின் அம்மாவைக் காட்டி, “இவங்கதான் ‘மைக்கேல் மதன காமராஜன்’ திருட்டுப் பாட்டி” என்றார் என் கணவர். என்னால் நம்பவே முடியவில்லை. ஆனால் ஒரு நடிகையை ஆயுள் முழுக்க அம்மா, பாட்டி என்றே நடிக்கவைத்தது அநியாயம் இல்லையா?

வாசகி, திருச்சி

அன்புள்ள வாசகிக்கு,

உங்கள் கணவர் சொன்னது சரி. இரண்டு பேரும் எஸ். என். லட்சுமிதான். ‘சர்வர் சுந்தரம்’ வந்தது 1964-இல். அவர் காலமானது 2012 பிப்ரவரியில். கதாநாயகனுக்கு அம்மாவான பிறகும் 47 வருஷத்துக்கு மேல் வாழ்ந்திருக்கிறார். கடைசி நாட்களில்கூட ‘சரவணன் மீனாட்சி’ தொடரில் பாட்டியாக வந்தார்.

அநியாயம்தான், மறுக்கமாட்டேன். நடுவயதுப் பெண்ணுக்கென்று நம் சினிமா கதையே யோசிக்கவில்லை. ஆனால் அவர் செய்த பாட்டிகளை எல்லாம் ஒரே வேடம் என்று நினைத்துவிடாதீர்கள். எனக்கு அதுதான் வருத்தம்.

‘மகாநதி’ பாருங்கள். மருமகன் சிறைக்குப் போய்விட, பேரப்பிள்ளைகளோடு தனியாக நிற்கும் மாமியார். ஓங்கி அழுது நம்மை அழவைக்க எத்தனையோ இடம் இருக்கிறது. அவர் அழுகையை அடக்கிக்கொண்டு பேசுவார். அந்தக் குரலை நினைத்தால் இப்போதும் எனக்குத் தொண்டை அடைக்கிறது. அதற்கு நாலு வருஷம் முன்புதான் அந்தத் திருட்டுப் பாட்டி! கைக்கு அகப்பட்டதைச் சுருட்டிக்கொண்டு, ஒன்றும் அறியாத முகத்தோடு உட்கார்ந்திருப்பாரே, அதை யார் மறப்பார்கள்?

என். எஸ். கிருஷ்ணனின் நாடகக் குழுவில் இருந்தவர். மேடையில் கடைசி வரிசைக்கும் கேட்கப் பேசிப் பழகியவர், மைக் முன்னால் இவ்வளவு மெதுவாகப் பேசக் கற்றுக்கொண்டதை நான் பெரிய சாதனை என்பேன். விருதுநகர்ப் பக்கத்துச் சென்னல்குடிக்காரர். ‘விருமாண்டி’யில் அவர் பேசும் தென்பாண்டித் தமிழ் சொந்த ஊர்ப் பேச்சு. ‘மைக்கேல் மதன காமராஜ’னில் பேசும் பாலக்காட்டு பிராமணத் தமிழ் கேட்டுப் படித்தது. இரண்டு படத்தையும் ஒரே நாளில் போட்டு, திரையைப் பார்க்காமல் அவர் குரலை மட்டும் கேளுங்கள். ஒரே ஆள் என்று சொல்ல முடிகிறதா என்று எழுதுங்கள்.