அந்தச் சிப்பாய் நிஜமாகவே விழுந்தாரா?

கேள்வி: முதல் உலகப் போர் பற்றி எந்த டி.வி. நிகழ்ச்சியைப் பார்த்தாலும் ஒரே காட்சி வருகிறது. சிப்பாய்கள் பதுங்குகுழியிலிருந்து மேலே ஏறுவார்கள், ஒருவர் சரிந்து விழுவார். குண்டு பறக்கிற இடத்தில் கேமராமேன் எப்படி நின்று எடுத்தார்?
– வாசகர், திருப்பூர்

பதில்: எங்கே நின்றார்! அது 1916 ஆகஸ்டில் பிரிட்டன் தியேட்டர்களில் ஓடிய 'த பேட்டில் ஆஃப் த ஸோம்' படத்தின் துண்டு; பிரான்ஸின் ஸோம் பகுதியில் பிரிட்டிஷ் படை நடத்திய சண்டையைப் பற்றிய படம். சண்டை நடந்த இடத்துக்குப் பின்னால், பயிற்சிக்காக வெட்டிய குழியில் சொல்லிவைத்து எடுத்தது என்றே ஆய்வாளர்கள் முடிவுக்கு வந்திருக்கிறார்கள். அடுத்த முறை உற்றுப் பாருங்கள், தாக்கப் போகிறவர்கள் முதுகில் மூட்டையே இருக்காது. அதற்கடுத்த ஷாட்டில் 'செத்து' விழுந்த ஒருவர் சாவகாசமாகக் காலை மாற்றிப் போட்டுக்கொள்வார்!

அதற்காக மொத்தப் படமும் டூப் என்று நினைத்துவிட வேண்டாம். சண்டை தொடங்கிய ஜூலை 1 காலை 7.20க்கு ஹாதார்ன் என்ற மேட்டின் அடியில் வைத்த வெடி மண்ணை வானத்துக்குத் தூக்குகிறதே, அது நிஜம். அப்புறம், பள்ளமான ஒரு பாதையில் லங்காஷயர் படைப்பிரிவினர் நெருக்கியடித்து உட்கார்ந்திருப்பார்கள், ஒருவர் கேமராவையே பார்ப்பார், அதுவும் நிஜம்தான். கொஞ்ச நேரத்தில் அவர்கள் எழுந்து போனார்கள், அன்று ஒரே நாளில் செத்த பிரிட்டிஷ் தரப்பினர் 19,240 பேர். எனக்கென்னவோ யாருமே விழாத அந்த ஷாட்தான் வயிற்றைப் பிசைகிறது.

ஆனால் பின்னணிக் குரல் 'பாய்ந்தார்கள், மடிந்தார்கள்' என்னும்போது டி.வி.காரர்கள் திரையில் எதையாவது காட்டியாக வேண்டுமே, பக்கத்தில் நின்று எடுத்த நிஜக் காட்சிக்கு எங்கே போவார்கள்? 1964இல் பிபிசியின் 26 பகுதித் தொடரான 'த கிரேட் வார்' வந்தபோதே இந்தத் தகராறு வெடித்தது. லண்டன் இம்பீரியல் வார் மியூசியத்தின் இயக்குநர் நோபிள் ஃபிராங்க்லண்ட், நடித்து எடுத்ததை நடித்து எடுத்தது என்று சொல்லிப் போடுங்கள் என மல்லுக்கு நின்றார். போடவில்லை. நம் ஊர் சேனல்களே ஓரத்தில் 'சித்தரிப்புக் காட்சி' என்று பொடி எழுத்திலாவது போடுகிறார்கள்.

கேள்வி: அந்தக் காலப் படங்களில் எல்லோரும் ஏன் குடுகுடுவென்று ஓடுகிறார்கள்?
– வாசகி, தேனி

பதில்: கேமராவைக் கையால் சுற்றி, விநாடிக்கு 16 ஃப்ரேம் வாக்கில் எடுத்தது அது. அதை 24இல் ஓட்டினால் கிழவரும் குடுகுடுவென்றுதான் போவார். ஒன்றுவிட்டு ஒரு ஃப்ரேமை இரண்டு தடவை பதித்தால் 16 என்பது 24 ஆகிவிடும், நடை சரியாகும். அதற்கு நேரமும் காசும் ஒதுக்காத நிகழ்ச்சியில்தான் சவ ஊர்வலம்கூட சாப்ளின் படம் மாதிரி இருக்கும்.