பிள்ளைகள் குறைந்தும் இந்தியாவின் சனத்தொகை ஏன் கூடுகிறது?

இதற்குப் பெயர் சனத்தொகை உந்தம். பிறப்பு வீதம் இறங்கிய பிறகும் எண்ணிக்கை சில பத்தாண்டுகள் ஏறிக்கொண்டே போகும். 2019–21 குடும்பநல ஆய்வின்படி இந்தியாவில் ஒரு பெண்ணுக்குச் சராசரி 2.0 பிள்ளைகள்தான், பெற்றோரின் எண்ணிக்கையை ஈடுகட்டவே 2.1 வேண்டும். ஆனாலும் ஐ.நா. கணிப்பில் 2023இல் சீனாவை முந்திவிட்டது.

காரணம், முன்பு நிறையப் பிறந்தவர்கள் இப்போது பெற்றோராகும் வயதில் இருக்கிறார்கள். கொழும்பு வெள்ளவத்தையில் ஒரு அம்மம்மாவை நினைத்துக்கொள்ளுங்கள். அவருக்கு ஆறு பிள்ளைகள். அவர்கள் ஒவ்வொருவருக்கும் இரண்டே இரண்டு. சிக்கனம்தான்! ஆனால் பேரப்பிள்ளைகள் பன்னிரண்டு பேர், அம்மம்மாவும் சுகமாக இருக்கிறார். தீபாவளிக்கு அந்த ஃபிளாட்டில் கால் வைக்க இடமிருக்காது.

அப்புறம், ‘இந்தியாவில் எல்லோரும் நிறையப் பிள்ளை பெறுகிறார்கள்’ என்பதும் சரியில்லை: அதே ஆய்வில் பீகாரில் 3.0, தமிழ்நாட்டில் 1.8.