மனைவியைக் காணவில்லை: ஆட்கொணர்வு மனு எதைச் செய்யும், எதைச் செய்யாது?

கேள்வி: திண்டுக்கல்லில் வசிக்கிறேன். காதல் திருமணம், இரண்டு வருடம் ஆகிறது. பன்னிரண்டு நாட்களுக்கு முன் கடைக்குப் போன மனைவி வீடு திரும்பவில்லை; போன் சுவிட்ச் ஆஃப். கரூரில் இருக்கும் அவளுடைய பெற்றோர் அடைத்து வைத்திருக்கிறார்கள் என்று சந்தேகப்படுகிறேன். போலீசில் சி.எஸ்.ஆர். ரசீது மட்டும் கொடுத்தார்கள். ஹேபியஸ் கார்பஸ் போட்டால் ஒரே வாரத்தில் என்னோடு அனுப்பி வைத்துவிடுவார்களாமே?

பதில்: உங்கள் தவிப்பு புரிகிறது. ஆனால் "என்னோடு அனுப்பி வைப்பார்கள்" என்ற எதிர்பார்ப்போடு நீதிமன்றம் போகாதீர்கள். அரசியலமைப்பின் 226-ஆவது பிரிவின்படி உயர் நீதிமன்றத்தில் போடும் ஆட்கொணர்வு மனு (நீங்கள் சொல்லும் ஹேபியஸ் கார்பஸ்), சட்டவிரோதமாக அடைத்து வைக்கப்பட்டவரை விடுவிப்பதற்கானது. அடைத்து வைத்தவர் பெற்றோராக இருந்தாலும் அது பொருந்தும். ஆனால் மனைவியைத் திரும்பப் பெறக் கணவர் கேட்டவுடன் கொடுத்துவிடும் ரிட் (நீதிமன்ற ஆணை) அல்ல என்று முகமது இக்ராம் ஹுசைன் வழக்கில் எப்போதோ உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

முதல் வேலை எஃப்.ஐ.ஆர். கையிலுள்ள சி.எஸ்.ஆர். மனு வாங்கியதற்கான ரசீது மட்டுமே. பெற்றோர் மீதான சந்தேகத்தையும் அதற்கான காரணத்தையும் எழுதி மறுபடி புகார் கொடுங்கள். பதிய மறுத்தால் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா (பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக வந்தது) 173(4)-இன்படி எஸ்.பி.க்குப் பதிவுத் தபாலில் அனுப்புங்கள். அதற்கும் அசைவில்லை என்றால் மாஜிஸ்திரேட்டிடம் போகலாம். தபால் ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். கடைத்தெரு சிசிடிவி பதிவுகளைச் சேகரிக்கச் சொல்லி அதே புகாரில் கேளுங்கள். பல கடைகளில் சில வாரங்களில் பழைய பதிவு அழிந்துவிடும்.

எந்த வீட்டில் இருக்கிறார் என்று உறுதியாகத் தெரிந்தால், அதே சட்டத்தின் 100-ஆவது பிரிவில் மாஜிஸ்திரேட்டிடம் தேடுதல் வாரண்ட் கேட்கலாம். பலர் மறந்துவிடும் வழி இது.

உயர் நீதிமன்றம்தான் என்றால் உங்களுக்கு மதுரைக் கிளை. இன்ஸ்பெக்டர், எஸ்.பி., மனைவியின் பெற்றோர் ஆகியோரை எதிர்மனுதாரர்களாகச் சேர்க்க வேண்டும். கடைசியாகப் பார்த்த தேதி, நேரம், இடம், உடுத்தியிருந்த உடை, போன் எண், பெற்றோர் மிரட்டிய குறுஞ்செய்தி, புகார் கொடுத்த தேதிகள் எல்லாம் பிரமாணப் பத்திரத்தில் வரட்டும். திருமணப் பதிவுச் சான்று, இருவரின் வயதுச் சான்று, போட்டோ இணைப்பில் இருக்கட்டும்.

மனுக்கள் விழுவது பெரும்பாலும் இரண்டு இடங்களில். ஒன்று, யார் அடைத்து வைத்திருக்கிறார்கள் என்றே சொல்லாமல் "காணவில்லை" என்று மட்டும் எழுதுவது. அடைத்து வைத்திருப்பதற்கு முகாந்திரமே காட்டாவிட்டால், அது போலீஸ் தேட வேண்டிய வழக்கு என்று முடித்துவிட வாய்ப்பு அதிகம். இரண்டு, மறைப்பது. காணாமல் போவதற்கு முன் சண்டை நடந்ததா, மனைவி மகளிர் காவல் நிலையத்தில் உங்கள் மீது புகார் கொடுத்திருக்கிறாரா, எழுதிவிடுங்கள். எதிர்த்தரப்பு அந்தக் காகிதத்தை நீட்டும்போது உங்கள் மற்ற வார்த்தைகளும் நம்பிக்கை இழக்கும்.

மனு ஏற்கப்பட்டால் போலீஸ் தேடி நிலை அறிக்கை தாக்கல் செய்யும். கண்டுபிடித்தால் அழைத்து வந்து ஆஜர்படுத்தும். நீதிபதிகள் பெரும்பாலும் தனியாக, பெற்றோரும் கணவரும் அருகில் இல்லாமல் விசாரிப்பார்கள்: யாராவது அடைத்து வைத்தார்களா, எங்கே போக விருப்பம்? 18 வயது நிறைந்தவர் "அம்மா வீட்டிலேயே இருக்கிறேன்" என்று சொந்த விருப்பத்தில் சொன்னால் மனு அதோடு முடியும். "கணவரோடு போகிறேன்" என்றால் பெற்றோர் தடுக்க முடியாது. மிரட்டல் இருந்தால் போலீஸ் பாதுகாப்பு கேட்கலாம். இரண்டு பக்கமும் பயம் என்றால் காப்பகம் உண்டு.

அவர் விரும்பியே பிரிந்திருக்கிறார் என்று தெரியவந்தால், சேர்ந்து வாழக் கேட்கும் இடம் குடும்ப நீதிமன்றம். இந்து திருமணம் என்றால் இந்து திருமணச் சட்டம் 9-ஆவது பிரிவு.

வக்கீல் கட்டணம் கட்ட முடியாத நிலை என்றால், மதுரைக் கிளையிலேயே இயங்கும் சட்டப் பணிகள் குழுவில் இலவச வக்கீல் கேட்கலாம். உங்களுக்கு வருமான வரம்பு பார்ப்பார்கள். பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் பெண்களுக்கும் அந்த வரம்பு கிடையாது.