வாய்ஸ் சாட்டில் சேர்ந்ததும் கேமின் சத்தம் தானாகக் குறைகிறது, எப்படி நிறுத்துவது?

நீங்கள் கேட்டிருப்பது எனக்கு நன்றாகத் தெரிந்த தொல்லை. நண்பர்களோடு பேசிக்கொண்டே ஆடும்போது கேமின் சத்தம் மட்டும் அமுங்கிப் போகிறது, சாட்டை விட்டு வெளியே வந்தால் பழையபடி வந்துவிடுகிறது, இதுதானே?

விண்டோஸ் என்றால் முதலில் இதைச் செய்யுங்கள், காரணத்தை அப்புறம் பேசலாம். செட்டிங்ஸில் சிஸ்டம், அதில் சவுண்ட், அந்தப் பக்கத்தில் கீழே இறங்கினால் மோர் சவுண்ட் செட்டிங்ஸ் என்று இருக்கும் (விண்டோஸ் 10 என்றால் சவுண்ட் கண்ட்ரோல் பேனல்). அழுத்தினால் பழைய காலத்துச் சின்ன விண்டோ ஒன்று திறக்கும். அதில் கம்யூனிகேஷன்ஸ் என்ற டேப்பை யாரும் திறந்து பார்த்திருக்க மாட்டார்கள், நம் வேலை அங்கேதான். நான்கு தேர்வுகள் இருக்கும்: மற்ற ஒலிகளை முழுதாக மியூட் செய், 80 சதவீதம் குறை, 50 சதவீதம் குறை, ஒன்றும் செய்யாதே. நீங்கள் கைவைக்காத வரை 80 சதவீதம்தான் தேர்வாகி இருக்கும். அதை மாற்றி டூ நத்திங் (ஒன்றும் செய்யாதே) வைத்து ஓகே கொடுத்துவிட்டு, சாட் மென்பொருளையும் கேமையும் ஒருமுறை மூடித் திறவுங்கள்.

இதிலேயே சரியாகிவிட்டால் மீதியைப் படிக்க வேண்டியதில்லை. எனக்கு ஆகவில்லை, அதனால்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன்.

நான் பல மாதம் ஹெட்செட்டைத்தான் திட்டிக்கொண்டிருந்தேன். கதவுக்குப் பின்னால் குனிந்து உட்கார்ந்திருப்பேன், படியில் காலடிச் சத்தம் கேட்கும், ஒன்று, இரண்டு என்று எண்ணுவேன், சரியாக அப்போது நண்பன் "டேய், அவன் மேல ஏறிட்டான்டா" என்பான். அவன் பேசும் அந்த இரண்டு நொடியில் காலடி காணாமல் போகும், அவன் பேசி முடிப்பதற்குள் நான் செத்திருப்பேன். துப்பாக்கிச் சத்தம் நன்றாகவே கேட்டுக்கொண்டிருந்ததால் ஒலி குறைகிறது என்றே தோன்றவில்லை. புதிதாக ஒரு ஹெட்செட்டும் வாங்கினேன், அதிலும் அதே கதை. ஒலி 80 சதவீதம் குறைவது என்றால் கணக்குப்படி ஏறக்குறைய 14 டெசிபல் சரிவு. வெடிச் சத்தம் அதைத் தாங்கிவிடும், காலடி மாதிரி ஏற்கெனவே மெலிதாக இருப்பவைதான் முதலில் மறையும். அதனால் "எனக்கு எல்லாம் கேட்குதே" என்று நீங்கள் நினைத்தாலும் சோதித்துப் பார்ப்பது நல்லது.

குறைக்கிற கை ஒன்றல்ல, பல என்பது எனக்குத் தெரியாமல் இருந்ததுதான் சிக்கல். விண்டோஸ் ஒரு பக்கம் குறைக்கும், சாட் மென்பொருள் தன் பங்குக்குக் குறைக்கும், சில கேம்களே குறைத்துக்கொள்ளும். ஒன்றை நிறுத்திவிட்டு இன்னும் குறைகிறதே என்று தலையைச் சொறிவோம். யார் குறைக்கிறார்கள் என்று கண்டுபிடிக்க, சத்தம் எந்த நேரத்தில் குறைகிறது என்று மட்டும் கவனித்தால் போதும்.

கேமில் விடாமல் ஒரே அளவாக ஒலிக்கிற இடம் ஏதாவது பாருங்கள், மழை, அருவி, ஓடுகிற எஞ்சின், எதுவானாலும் சரி. அங்கே நின்றுகொண்டு, யாரும் இல்லாத வாய்ஸ் சேனல் ஒன்றில் தனியாகச் சேருங்கள். யாரும் வாயே திறக்காமல் சேர்ந்த உடனே மழை அமுங்கினால் அது பெரும்பாலும் விண்டோஸின் வேலை. சேரும்போது ஒன்றும் ஆகவில்லை, நீங்கள் பேசும்போதோ நண்பர் பேசும்போதோ மட்டும் அமுங்கி, பேச்சு நின்றதும் மேலே வருகிறது என்றால் அது சாட் மென்பொருள். சத்தம் குறைவதோடு மழையே பழைய டெலிபோனில் கேட்பது மாதிரி தகரமாக ஆகிவிட்டால் அது புளூடூத். எனக்கு முதலாவதும் இரண்டாவதும் சேர்ந்தே இருந்தது.

விண்டோஸ் ஏன் இப்படிச் செய்கிறது என்றால், இந்த வசதி 2009இல் விண்டோஸ் 7 உடன் வந்தது. பாட்டு ஓடிக்கொண்டிருக்கும்போது கணினியில் அழைப்பு வந்தால் பாட்டு தானாகத் தணிய வேண்டும், அழைப்பு முடிந்ததும் திரும்ப வேண்டும், அவ்வளவுதான் யோசனை. ஐந்து நிமிட அழைப்புக்கு அருமையான ஏற்பாடு. ஆனால் நாம் சேனலில் சேர்ந்தால் மூன்று மணி நேரம் அங்கேயே குடியிருக்கிறோம், பாதி நேரம் யாரும் பேசுவதும் இல்லை. விண்டோஸுக்கு அது தெரியாது, பேச்சுக்கான ஒலி ஓட்டம் திறந்திருக்கிற வரை அழைப்பு நடக்கிறது என்றே நினைத்துக்கொள்ளும். "ஒரு கேமில் குறைகிறது, இன்னொன்றில் குறையவில்லை, எப்படி?" என்று சிலர் குழம்புவார்கள். என்னைக் குறைக்காதே என்று விண்டோஸிடம் சொல்லிவிடும் வழி மென்பொருள் எழுதுகிறவர்களுக்கு உண்டு. அதைப் பயன்படுத்திய கேம் தப்பித்துவிடும், மற்றவை மாட்டும்.

அந்த டேப்பில் நீங்கள் வைத்தது, விண்டோஸ் தன் அமைப்புகளைச் சேமிக்கும் ரெஜிஸ்ட்ரியில் யூசர் டக்கிங் பிரிஃபரன்ஸ் (டக்கிங் என்றால் பேச்சுக்காக மற்ற ஒலியைத் தணிப்பது) என்ற பெயரில் ஓர் எண்ணாகச் சேமிக்கப்படும்: 0 என்றால் மியூட், 1 என்றால் 80 சதவீதம், 2 என்றால் 50, 3 என்றால் ஒன்றும் செய்யாதே. வைத்தது நிற்கவில்லை என்று சந்தேகம் வந்தால் அங்கே 3 இருக்கிறதா என்று பார்க்கலாம். மற்றபடி ரெஜிஸ்ட்ரிப் பக்கம் போக வேண்டிய அவசியம் இல்லை.

அடுத்து சாட் மென்பொருள். டிஸ்கார்டில் யூசர் செட்டிங்ஸ், வாய்ஸ் அண்ட் வீடியோ, அங்கே அட்டென்யுவேஷன் (ஒலியைக் குறைப்பது) என்று ஒரு ஸ்லைடர், அதன் அடியில் நான் பேசும்போது, மற்றவர்கள் பேசும்போது என்று இரண்டு சுவிட்ச். ஸ்லைடரை 0க்கு இழுத்துவிட்டு இரண்டு சுவிட்சையும் அணைத்துவிடுங்கள். இங்கே 100 என்றால் கேம் முழுதாக மௌனம், 0 என்றால் தொடவே தொடாது. வால்யூம் ஸ்லைடர் என்று நினைத்து 100க்குத் தள்ளுகிறவர்கள் இருக்கிறார்கள், நானும் ஒருநாள் அதைச் செய்தேன். மம்பிள் என்ற இன்னொரு சாட் மென்பொருளில் ஆடியோ அவுட்புட் பகுதியில் இதே போல அட்டென்யுவேட் என்று தொடங்கும் தேர்வுகள் உண்டு, டிக்கை எடுத்துவிட்டால் சரி. வேறு மென்பொருள் என்றால் அட்டென்யுவேஷன் அல்லது டக்கிங், இந்த இரண்டு சொற்களை அமைப்புகளில் தேடுங்கள், பெரும்பாலும் ஆடியோ பகுதியில்தான் ஒளிந்திருக்கும்.

கேமுக்குள்ளேயே இருக்கிற வாய்ஸ் சாட்டில் பேசுகிறீர்கள் என்றால் கேமின் ஆடியோ மெனுவில் பாருங்கள், மேலே சொன்ன சாட் மென்பொருள் அமைப்புகள் அதைக் கட்டுப்படுத்தாது.

இனி புளூடூத். இங்கே மாற்றுவதற்கு ஸ்லைடர் எதுவும் இல்லை, பிரச்சினையே வேறு. புளூடூத் ஹெட்செட் பாட்டுக்கு ஒரு வழியையும் அழைப்புக்கு இன்னொரு வழியையும் பயன்படுத்துகிறது. அதன் மைக்கை எந்த மென்பொருளாவது திறந்த நொடியே அழைப்பு வழிக்குத் தாவிவிடும். அதில் ஸ்டீரியோ கிடையாது, ஒலியின் தரமும் 8 அல்லது 16 கிலோஹெர்ட்ஸ் சாம்பிளிங்குக்கு, அதாவது ஒலியை நொடிக்கு 8 அல்லது 16 ஆயிரம் முறை மட்டும் அளக்கிற அளவுக்கு, இறங்கிவிடும். எதிரி இடப்பக்கமா வலப்பக்கமா என்பதே தெரியாமல் போய்விடும். சாட் மென்பொருளில் இன்புட் டிவைஸை வேறு மைக்குக்கு மாற்றுங்கள், மடிக்கணினியில் இருக்கிற மைக்கோ, தனியாக ஒரு யுஎஸ்பி மைக்கோ, எதுவும் போதும். மாற்றிய உடனே ஹெட்செட் ஸ்டீரியோவுக்குத் திரும்பிவிடுவதைக் காதாலேயே உணரலாம். வேறு மைக் இல்லை என்றால், போட்டி வைத்து ஆடும்போது ஒயர் போட்ட ஹெட்செட்தான் என் சிபாரிசு. எல்இ ஆடியோ என்கிற புதிய புளூடூத் முறை இந்தத் தொல்லையைக் குறைக்கத்தான் வந்திருக்கிறது, ஆனால் ஹெட்செட், கணினி இரண்டிலும் அது இருந்தால்தான் பயன்.

சில ஹெட்செட்களில் கேம் ஒரு பக்கம், சாட் ஒரு பக்கம் என்று உருட்டும் சக்கரம் ஒன்று இருக்கும். எல்லா அமைப்பையும் புரட்டிப் போடுவதற்கு முன்னால் அது சாட் பக்கம் உருண்டிருக்கிறதா என்று ஒரு முறை பார்த்துக்கொள்ளுங்கள், சிரிக்காதீர்கள்.

லினக்ஸில் ஒலியைக் கவனித்துக்கொள்வது பல்ஸ் ஆடியோ என்ற மென்பொருள் என்றால் அழைப்பு தொடங்கியதும் பாட்டு, வீடியோ போன்றவற்றை மியூட் செய்கிற ரோல் கார்க் என்ற மாட்யூலும், வெறுமனே தணிக்கிற ரோல் டக்கிங் என்ற மாட்யூலும் உண்டு. ஏற்றப்பட்டிருந்தால் அன்லோட் செய்துவிடுங்கள்.

இந்த வசதியே வேண்டாத ஒன்று என்று நான் சொல்லவில்லை. கதை ஓட்டத்தில் நிதானமாக ஆடுகிற கேமில் டிஸ்கார்டின் ஸ்லைடரை 20க்கு அருகில் வைத்தால் நண்பன் பேசுவது தெளிவாக விழுகிறது, பின்னணி இசையும் போய்விடுவதில்லை. காலடி கேட்டு ஆட வேண்டிய கேமில் மட்டும் 0தான். அங்கே நண்பன் குரல் கேட்கவில்லை என்றால் கேமைக் குறைக்காமல் அவன் பெயரில் ரைட் கிளிக் செய்து அவன் வால்யூமை மட்டும் ஏற்றிக்கொள்ளுங்கள்.

கடைசியாக ஒன்று, என்னை ஒரு வாரம் அலையவிட்டது இதுதான். எல்லாவற்றையும் அணைத்த பிறகும் ஒரே ஒரு கேம் மட்டும் சாட் இல்லாமலே மெலிதாக ஓடிக்கொண்டிருந்தது. ஒவ்வொரு மென்பொருளுக்கும் தனித்தனி வால்யூமை விண்டோஸ் நினைவில் வைத்துக்கொள்ளும். சாட் மென்பொருள் சத்தத்தைக் குறைத்திருக்கிற நேரத்தில் அது பாதியில் உறைந்து மூடிக்கொண்டால், குறைந்த அளவே அப்படியே தங்கிவிடலாம். கேம் ஓடும்போது ஆல்ட் டேப் அடித்து வெளியே வந்து, ஸ்பீக்கர் ஐகானை ரைட் கிளிக் செய்து வால்யூம் மிக்சரைத் திறந்து பார்த்தேன், மற்றதெல்லாம் 100இல் இருக்க அந்தக் கேம் மட்டும் 20இல் உட்கார்ந்திருந்தது.