பழைய ஹார்ட் டிஸ்க்கை உடைத்துத்தான் போட வேண்டுமா?

“கம்ப்யூட்டரை விற்கும்முன் ஹார்ட் டிஸ்க்கைக் கழற்றிச் சுத்தியலால் உடைத்துவிடு என்கிறார்கள். அழித்தால் போதாதா?” என்று கேட்டிருக்கிறீர்கள். ஒழுங்காக அழித்தால் போதும். அலுவலகத்தில் பழைய கம்ப்யூட்டர்களைக் கழிக்கும் வேலை ரொம்ப நாளாக என் தலையில்தான் விழுகிறது. அந்தப் பழக்கத்தில் சொல்கிறேன்.

ஃபைலை டெலீட் செய்தாலோ குவிக் ஃபார்மட் போட்டாலோ டேட்டா போய்விடாது. எது எங்கே இருக்கிறது என்ற பட்டியல் மட்டும்தான் போகும். அமெரிக்காவில் எம்ஐடி மாணவர்கள் இருவர் 158 பழைய டிஸ்க்குகளை வாங்கிப் பார்த்து 2003-ல் கட்டுரை வெளியிட்டார்கள். ஓடிய 129-ல் சரியாக அழிக்கப்பட்டிருந்தவை வெறும் 12. பயம் நியாயமானதுதான். ஆனால் மருந்து சுத்தியல் இல்லை. பழைய டேட்டாவின் மேலேயே டிஸ்க் முழுக்கப் பூஜ்ஜியத்தை எழுதுவதுதான். விண்டோஸில் விஸ்டா காலத்திலிருந்தே, ‘குவிக்’ டிக்கை எடுத்துவிட்டு ஃபார்மட் செய்தால் அதுவே எழுதிவிடும். பெரிய டிஸ்க் என்றால் சில மணி நேரம் ஆகும், ஓட விட்டுவிட்டு வேறு வேலையைப் பாருங்கள்.

35 முறை எழுத வேண்டும் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். பீட்டர் குட்மன் என்ற கணினி விஞ்ஞானி 1996-ல் எழுதிய கட்டுரையிலிருந்து வந்த கணக்கு அது. அன்றைய பலவகை டிஸ்க்குகளுக்கும் சேர்த்துப் போட்ட பட்டியல்; இதை மந்திரம்போல ஓதாதீர்கள் என்று அவரே பின்னால் சலித்துக்கொண்டார். இன்றைய டிஸ்க்குக்கு ஒருமுறை போதும்.

எஸ்எஸ்டி, அதாவது சுழலும் வட்டு இல்லாமல் சிப்பில் டேட்டாவை வைக்கும் டிரைவ், அதன் கதை வேறு. எந்த இடத்தில் எழுதுவது என்பதை அதன் கன்ட்ரோலர் சிப்பே முடிவு செய்வதால், மேலே எழுதினாலும் பழைய டேட்டா எங்காவது ஒதுங்கியிருக்கும். அதற்கு, தன்னையே முழுக்க அழித்துக்கொள்ளும்படி டிரைவுக்குச் சொல்லும் ‘செக்யூர் எரேஸ்’ கட்டளைதான் சரி. சில கம்ப்யூட்டர்களில் டிரைவ் ‘ஃப்ரோசன்’ (கட்டளையை ஏற்காத நிலை) என்று காட்டி முரண்டு பிடிக்கும். ஸ்லீப்பில் போட்டு எழுப்பினால் பெரும்பாலும் வழிக்கு வந்துவிடும்.

எல்லாம் தெரிந்தும் நிறுவனங்கள் ஏன் டிஸ்க்குகளை அரைத்துத் தள்ளுகின்றன? அரைத்தால் சான்றிதழ் வரும், ஆடிட்டர் கேள்வி கேட்க மாட்டார், அவ்வளவுதான். இன்னும் பல வருடம் ஓடக்கூடிய டிஸ்க்குகள் அட்டைப்பெட்டி அட்டைப்பெட்டியாகப் போவதைப் பார்த்தால் வயிறு எரியும். உள்ளே இருக்கும் நியோடிமியம் காந்தமும் தூளில் கலந்து வீணாகிறது. அமெரிக்க நிதி நிறுவனமான மார்கன் ஸ்டான்லிக்கு 2022-ல் 3.5 கோடி டாலர் அபராதம் விழுந்ததை உதாரணம் காட்டுவார்கள். அங்கே நடந்தது என்ன? டேட்டா அழிப்பில் அனுபவமே இல்லாத, சாமான் ஏற்றி இறக்கும் கம்பெனியிடம் வேலையைக் கொடுத்தார்கள். அழிக்காத டிஸ்க்குகள் இணைய ஏலத்துக்கு வந்துவிட்டன. அனுப்பும்முன் தங்கள் கையாலேயே அழித்திருந்தால் டேட்டா வெளியே போயிருக்காது. விற்காத துணியைக் கொளுத்துவதை பர்பரி என்ற பிரிட்டிஷ் ஃபேஷன் கம்பெனி 2018-ல் எதிர்ப்பு கிளம்பியதும் நிறுத்தியது, பிரான்ஸ் அதைத் தடுக்கச் சட்டமே போட்டது. டிஸ்க்குக்காகக் குரல் கொடுக்கத்தான் ஆளில்லை.

உடைக்க வேண்டியது எது என்றால், செத்துப்போன டிஸ்க். கம்ப்யூட்டருக்கே தெரியாத டிஸ்க்கில் எதையும் எழுத முடியாதே. ஒரு ஓட்டை போட்டால் ஓட்டை விழுந்த இடம்தான் போகும். வட்டுகளையே சிதைக்க வேண்டும். லேப்டாப் டிஸ்க்கின் வட்டு பெரும்பாலும் கண்ணாடி, பார்த்தால் உலோகம் மாதிரி பளபளக்கும், வளைத்தால் சில்லுசில்லாகத் தெறிக்கும். துணியில் சுற்றி, கண்ணுக்குப் பாதுகாப்புக் கண்ணாடி மாட்டிக்கொண்டு அடியுங்கள். புது டிஸ்க்குக்கு முதல் நாளே பிட்லாக்கர் (டேட்டாவைச் சாவி இல்லாமல் படிக்க முடியாதபடி மாற்றி வைக்கும் விண்டோஸ் வசதி) மாதிரி ஒரு பூட்டுப் போட்டுவிடுங்கள், டிஸ்க் செத்தாலும் உடைக்கிற வேலை இருக்காது.