ஸ்டோயிக் தத்துவத்தை அன்றாட எரிச்சல்களில் எப்படிப் பயன்படுத்துவது?

ஸ்டோயிக் என்பது, நம் கையில் இல்லாததை ஏற்றுக்கொண்டு நம் மனதைச் சரியாக வைத்துக்கொள்ளச் சொல்லும் பழைய கிரேக்கத் தத்துவம். அடிமையாக இருந்து பிறகு அதன் ஆசிரியரான எபிக்டெட்டஸ் ஒரு பயிற்சி சொல்கிறார். பொதுக் குளியல்கூடத்துக்குக் கிளம்பும் முன்பே, அங்கே தண்ணீரைத் தெறிப்பார்கள், இடிப்பார்கள், திட்டுவார்கள், திருடவும் செய்வார்கள் என்று நினைத்துக்கொள்ள வேண்டும். குளிப்பதோடு, மனம் கெடாமல் திரும்புவதும் நம் நோக்கம். குளியல்கூடத்துக்குப் பதில் காலை நேரப் பேருந்தை வைத்துப் பாருங்கள், அப்படியே பொருந்தும். நான் வண்டியை எடுக்கும் முன் இதைச் செய்கிறேன். ஊரில் ஹாரன் சத்தம் குறையவில்லை. பதிலுக்கு நான் அடிப்பதுதான் குறைந்திருக்கிறது.

அப்புறம், ஸ்டோயிக் என்றால் எதற்கும் அசையாத கல்லாக இருக்க வேண்டும் என்று பலர் தப்பாக நினைக்கிறார்கள். நடந்ததை ஏற்றுக்கொண்டு அடுத்த வேலையைப் பார்ப்பதுதான் விஷயம். எபிக்டெட்டஸின் இரும்பு விளக்கு திருடு போனது. 'இருப்பதைத்தானே இழக்க முடியும்' என்று சொல்லிவிட்டு, மண் விளக்குக்கு மாறிக்கொண்டார். செலவும் குறைவு!